உச்சரிப்புக்கு நாலு மார்க்

"நாலு மார்க்கு சார்! வாயே திறக்காத பொண்ணுக்கு உச்சரிப்புல நாலு மார்க்கு!"

"அதைத்தாம்மா நான் மனுவுல ரெண்டாவது பத்தியில—"

"மௌன நாடகம் சார் அது! மௌனம்னா என்னன்னு தெரியுமா அந்த ஆளுக்கு?"

"உங்களுக்குத் தெரிஞ்சிருந்தா நான் இந்நேரம் ஒரு வாக்கியத்தை முடிச்சிருப்பேன்—"

"முகம் பூரா வெள்ளை பெயிண்ட். வாயைச் சுத்திக் கறுப்புக் கோடு. ஒரு சின்ன சத்தம்கூட வராம அஞ்சு நிமிஷம் நடிச்சா எம்பொண்ணு. அவளுக்குப் போய்—"

"கத்தாதீங்கம்மா. கீழ ஜெராக்ஸ் கடையில நிக்கறவங்க எல்லாம் மேல பாக்கறாங்க."

"நான் எங்க சார் கத்தறேன்? மெதுவாத்தானே பேசறேன்!"

மாடிப்படியில் பாதி ஏறும்போதே இத்தனையும் காதில் விழுந்துவிட்டது. அதனால் அறைக்குள் நுழைந்த இரண்டு பேருக்கும் இது என்ன வழக்கு என்று யாரும் முதலிலிருந்து சொல்ல வேண்டியிருக்கவில்லை.

முன்னால் வந்தவள் அண்ணி. பதினாலு வருஷம் இன்ஷூரன்ஸ் கம்பெனியில் க்ளெய்ம் விசாரித்தவள். செத்துப்போனதாகக் காகிதம் கொடுத்திருந்த ஒன்பது பேரைத் தேடிப்பிடித்து உயிரோடு நாற்காலியில் உட்கார வைத்தவள். இப்போது சொந்தமாகத் துப்பறியும் ஏஜென்சி. பின்னால் வந்தவன் சுருள், அவள் புருஷனுடைய தம்பி. பெயர் தலைமுடியால் வந்தது. அவன் அண்ணி அண்ணி என்று கூப்பிட்டே, போலீஸ் ஸ்டேஷன் உட்பட ஊர் முழுக்க அவளுக்கு அதுவே பெயராகிவிட்டது.

"வாங்க அண்ணி," என்றார் வக்கீல், மூழ்கப் போனவர் கட்டையைப் பிடித்த குரலில். "உக்காருங்க. அந்த நாற்காலியில இருக்கிற கட்டைத் தூக்கிக் கீழ வைங்க. அது பத்து வருஷமா நடக்கற கேஸ், கீழ இருந்தாலும் ஒண்ணும் ஆகாது."

"எங்க வீட்டுல என் கல்யாணப் பேச்சு மாதிரியா சார்?" என்றான் சுருள்.

"தம்பி, வாயை மூடு," என்றாள் அண்ணி. "சொல்லுங்க சார்."

வக்கீல் சொல்வதற்குள் அந்த அம்மாவே சொன்னாள். நகராட்சி நீச்சல் குளத்தில் கோச் அவள். தோள்கள் இரண்டும் கதவை அடைத்துக்கொண்டு நிற்கும். கழுத்தில் விசில் தொங்கியது. வேலையிலிருந்து நேரே வந்திருந்தாள் போலிருக்கிறது, செருப்பு இன்னும் ஈரம். மூலையில் ஒரு ஸ்டூலில், மடியில் பள்ளிக்கூடப் பையை வைத்துக்கொண்டு மகள் உட்கார்ந்திருந்தாள். பன்னிரண்டாம் வகுப்பு. அறையில் சத்தம் போடாமல் இருந்தவை அவளும் சுவர்க் கடிகாரமும்தான். கடிகாரம் நின்று போயிருந்தது.

மாவட்டப் பள்ளிகளுக்கு இடையிலான கலைப் போட்டி. தனிநபர் மௌன நாடகம். பதினோரு பேர். நீதி மூன்று நடுவர்கள் கையில். முதலில் வருகிறவர் மட்டும் சனிக்கிழமை இறுதிச் சுற்றுக்குப் போகலாம். அந்த இறுதிச் சுற்றுக்குத்தான் நாடகக் கல்லூரிக்காரர்கள் ஆள் எடுக்க வருவார்கள். அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம் என்றால், அடுத்த வருஷம் இந்தப் பெண் பள்ளிக்கூடத்திலேயே இருக்க மாட்டாள்.

"பதினாறு மார்க் போச்சு," என்றாள் கோச்சம்மா. "அந்தப் பதினாறு இருந்தா இவதான் முதல். இப்ப நாலாவது."

"நீ என்னம்மா நினைக்கறே?" என்று அண்ணி மகளைக் கேட்டாள்.

"அவ என்ன நினைப்பா? மனசு உடைஞ்சு போயிட்டா," என்றாள் அம்மா.

வக்கீல் ஒரு தாளை நீட்டினார். "மார்க் தாள் நகல். கவிதை ஒப்புவிக்கிற போட்டிக்கு அச்சடிச்சதுல மிச்சம் இருந்துதாம். வீணாகக்கூடாதுன்னு மௌன நாடகத்துக்கும் இதையே கொடுத்துட்டாங்க. அதனாலதான் 'உச்சரிப்பு - இருபது'ன்னு ஒரு கட்டம்."

"சிக்கனம்," என்றான் சுருள்.

"முதல் நடுவர் அந்தக் கட்டத்தை அடிச்சுட்டார். மூணாவது நடுவர் பதினோரு பேருக்கும் இருபதுக்கு இருபது போட்டுட்டார். பேசவே இல்ல, அதனால தப்பும் இல்லன்னு."

"அப்படி ஒரு வாத்தியார் எனக்குக் கிடைச்சிருந்தா நான் இன்னிக்கு டாக்டர், அண்ணி."

"பேஷண்டுங்க பொழைச்சாங்க. ரெண்டாவது நடுவர்?"

"அவரும் பத்துப் பேருக்கு இருபது. ஏழாம் நம்பருக்கு மட்டும் நாலு. ஏழாம் நம்பர் இந்தப் பொண்ணு. கடைசிக் கட்டத்துல குறிப்பு எழுதியிருக்கார், படிங்க."

அண்ணி படித்தாள். "'குரல் நன்று. தவிர்த்திருக்கலாம்.'"

"கிண்டல்!" கோச்சம்மாவின் விசில் மேஜையில் இடித்தது. "பச்சைக் கிண்டல்! முதல்ல வந்த பொண்ணோட ஸ்கூல் ஹெட்மிஸ்ட்ரஸ், இந்த ஆளுக்குக் கொழுந்தியா. இதுக்கு மேல என்ன வேணும்?"

"கோர்ட்டுக்கு இன்னும் வேணும்," என்றார் வக்கீல். "மார்க் சரியா தப்பான்னு கோர்ட் பாக்காது அண்ணி. அது நிபுணர் வேலைம்பாங்க. ரெண்டே வழி. ஒண்ணு, நடுவர் வேணும்னே கெட்ட எண்ணத்தோட போட்டார்னு காட்டணும். இல்ல, போட்டி விதி மீறப்பட்டுதுன்னு காட்டணும். நான் முதல் வழியில மனு போட்டிருக்கேன். தாளை முன்னாடியே நிரப்பிட்டு வந்தார்னு. ரெண்டரை மணிக்கு விசாரணை. இறுதிச் சுற்றுப் பட்டியல் அஞ்சு மணிக்கு மூடுது. அதுக்குள்ள எனக்கு ஒரு ஆதாரம் வேணும்."

"போட்டியாளர்களுக்கு நம்பர் எப்பக் கொடுத்தாங்க?"

"போட்டிக்குப் பத்து நிமிஷம் முன்னாடி. சீட்டுக் குலுக்கி."

"அப்ப முன்னாடியே நிரப்ப அவருக்கு ஜோசியம் தெரிஞ்சிருக்கணும்."

"பத்து நிமிஷத்துல போன் வந்திருக்கலாமே?"

"வந்திருக்கலாம். நீ மேடையில எதாவது வித்தியாசமா கவனிச்சியாம்மா?" அண்ணி மறுபடி மகள் பக்கம் திரும்பினாள்.

"ஒண்ணும் இல்லையே, நான் பக்கத்திலேயேதானே இருந்தேன்," என்றாள் அம்மா.

மகள் பையின் ஜிப்பை ஒரு அங்குலம் திறந்து, ஒரு அங்குலம் மூடினாள்.

"ஆதாரம் கிடைச்சா கொண்டு வரேன் சார்," என்று அண்ணி எழுந்தாள். "கிடைக்கலைன்னா, கிடைச்சதைக் கொண்டு வரேன்."

ஸ்கூட்டரைச் சுருள் ஓட்டினான். அண்ணி பின்னால் உட்கார்ந்து தாளைப் பார்த்துக்கொண்டே வந்தாள்.

"அண்ணி, கேஸ் சுலபம். கொழுந்தியா சொன்னா, மச்சான் போட்டாரு. நானும் கொழுந்தன்தான், நீங்க சொல்றதைத்தான் செய்யறேன்."

"நீ எப்படா செஞ்சே? இதைக் கேளு. ஒருத்தன் திருட்டுத்தனமா மார்க்கைக் குறைக்கணும்னா எங்க குறைப்பான்?"

"குறைச்சதைக் கண்டுபிடிக்க முடியாத இடத்துல. பாவனை, முகபாவம், கற்பனை, அப்படி."

"ஆமா. பாவனையில எட்டு போட்டா எந்தக் கோர்ட்டும் கேக்காது. இந்த ஆளு என்னடான்னா, பாவனைக்குப் பத்தொன்பது கொடுத்திருக்கார். முகபாவத்துக்கு இருபது. எல்லாத்தையும் அள்ளிக் கொடுத்துட்டு, ஊரே சிரிக்கிற கட்டத்துல போய்க் குறைச்சிருக்கார். திருடன் மணி அடிச்சுட்டா உள்ள வருவான்?"

"அப்ப லூசு."

"லூசா இருந்தா பதினோரு பேருக்கும் பதினோரு விதமா போட்டிருப்பார். பத்துப் பேருக்கு இருபது. ஒருத்திக்கு நாலு. அதுல ஒரு கணக்கு இருக்கு. எல்லாரும் இதைப் பைத்தியக்காரத்தனம்னு சொல்றாங்க இல்ல? ஒரு தடவை இதை நிஜம்னு வெச்சுக்கிட்டுப் படிச்சுப் பாரு. பத்துப் பேர் பேசல. ஒருத்தி பேசினா."

சுருள் பிரேக் போட்டுவிட்டான். பின்னால் வந்த ஆட்டோ ஹாரன் அடித்தது.

"மௌன நாடகத்துல பேசினாளா?"

"வண்டியை எடு. அவர் காது என்ன கேட்டுதுன்னு அவரையே கேப்போம்."

ரெண்டாவது நடுவர் டப்பிங் கலைஞர். ஸ்டுடியோ ஒரு கட்டடத்தின் அடித்தளத்தில் இருந்தது. சுவரெங்கும் முட்டை அட்டை மாதிரி மேடுபள்ளமான கறுப்புப் பஞ்சு. கண்ணாடிக்கு அந்தப் பக்கம், மைக்கின் முன்னால், ஒரு மலை மாதிரி ஆள் நின்றிருந்தார். மீசை இரண்டு பக்கமும் கதவுக்குக் கைப்பிடி போட்டதுபோல் இருந்தது. எதிரே திரையில் ஒரு அணில் குதித்தது.

"ஐயோ, என் கொட்டையை யாரு எடுத்தா?" என்று மலை, கீச்சுக் குரலில் அழுதது.

சுருள் தன் வாயைக் கையால் பொத்திக்கொண்டான். சிவப்பு விளக்கு அணைகிற வரை பொத்தியே வைத்திருந்தான். அவன் வாழ்க்கையில் அதுவே நீண்ட மௌனம்.

வெளியே வந்தவர் துண்டால் முகத்தைத் துடைத்தார். இப்போது குரல் கிணற்றுக்குள்ளிருந்து வந்தது. "என்ன விஷயம்?"

"உச்சரிப்புக்கு நாலு மார்க்," என்றாள் அண்ணி.

"இன்னும் நீங்க ரெண்டு பேர்தான் பாக்கி. பேப்பர்காரன் வந்துட்டான். கல்வி அலுவலகத்துலேர்ந்து போன் வந்துடுச்சு. இனிமே எந்தப் போட்டிக்கும் என்னைக் கூப்பிடக் கூடாதுன்னு உத்தரவு போடப் போறாங்களாம். என் பொண்டாட்டி, தங்கச்சிக்காகவா இப்படிப் பண்ணினீங்கன்னு கேக்கறா. என் மச்சினிக்கும் எனக்கும் ஆறு வருஷமாப் பேச்சே இல்லம்மா! அவளுக்கு நல்லது பண்ணினேன்னு சொல்றதுதான் எனக்குப் பெரிய அவமானம்."

"நாலு ஏன் போட்டீங்கன்னு யாராவது கேட்டாங்களா?"

அவர் நிமிர்ந்து பார்த்தார். "இல்ல. லஞ்சம் எவ்வளவுன்னுதான் கேட்டாங்க."

"நான் கேக்கறேன்."

"பேசினா, குறைச்சேன். பேசக் கூடாத நாடகத்துல பேசினா. ஆனா பேசினது தெளிவா இருந்துது. ஒரு எழுத்து விழல. கடைசி வரிசைக்குக் கேக்கற குரல். தொழில்காரன் நான், அதை மதிக்காம இருக்க முடியுமா? அதுக்கு நாலு."

"நியாயஸ்தர்," என்றான் சுருள்.

"பேசினதை நீங்க பாத்தீங்களா, கேட்டீங்களா?"

"ரெண்டும்தான். அந்தப் பொண்ணு ஒரு லிஃப்டுக்குள்ள மாட்டிக்கிட்ட மாதிரி நடிச்சா. நாலு பக்கமும் சுவர். பட்டனை அழுத்தறா, தட்டறா, உதவி கேட்டு வாயைத் திறந்து கத்தறா. சத்தம் இல்லாம. பிரமாதம்! திடீர்னு சத்தம் வந்துச்சு. 'சுவரைத் தொடு! தொட்டுட்டுத் திரும்பு!' வாய் அசையுது, குரல் வருது. அவ கை சுவர்ல இருக்கு, குரல் சுவருங்குது. உதடும் குரலும் சிங்க் பக்கா."

"அந்தக் குரல் அவளோட வயசுக்கு ஒத்துதா?"

அவர் மீசையைத் தடவினார். "நாப்பது வயசுக் குரல். ஆனா நான் அணிலுக்குப் பேசறேன். குரலுக்கு வயசு பாக்கக் கூடாதும்மா. சின்னப் பொண்ணு இவ்வளவு கனமான குரல் எடுக்கறாளேன்னு ஆச்சரியப்பட்டேன். அதான் 'குரல் நன்று'ன்னு எழுதினேன்."

"நீங்க எங்க உக்காந்திருந்தீங்க?"

"நடுவர்களைத் தள்ளித் தள்ளித்தான் உக்கார வைப்பாங்க, ஒருத்தர் தாளை ஒருத்தர் பாக்காம. நான் இடது ஓரம். பக்கத்திலேயே மேடையோட ஓரத் திரை. மத்தவங்க நடுவுலயும் வலது பக்கமும். வலது பக்கம்தான் மியூசிக் பெட்டி அலறிக்கிட்டு இருந்துச்சு."

"வேற என்ன கேட்டுது?"

"'முழங்கை மேல! முழங்கை!' அப்புறம், 'மூச்சு விடு!' லிஃப்டுல மாட்டினவங்களுக்கு மூச்சு முட்டும்தானே, பொருத்தமா இருந்துச்சு."

அண்ணி நோட்டை மூடினாள். அவள் கன்னத்தில் ஒரு குழி விழுந்தது. அது விழுந்தால் யாருக்கோ கேடு என்று சுருளுக்குத் தெரியும்.

"சார், முப்பது வருஷமா உங்களுக்கு என்ன வேலை? ஒரு இடத்துல உதடு அசையும். அதுக்கு இன்னொரு இடத்துலேர்ந்து குரல் வரும். ரெண்டையும் ஒட்ட வைக்கறது."

"ஆமா."

"மேடையில ஒரே ஒரு உதடுதான் கண்ணுக்குத் தெரிஞ்சுது. குரல் வந்ததும் அதுல ஒட்ட வெச்சுட்டீங்க."

மலை மெதுவாக நாற்காலியில் உட்கார்ந்தது. அணில் குரலில்தான் பேச்சு வந்தது. "ஐயோ."

"ரெண்டரை மணிக்குக் கோர்ட்டுக்கு வந்துடுங்க," என்றாள் அண்ணி.

வெளியே வந்ததும் சுருள், "யாரு அண்ணி அந்தக் குரல்? ஸ்கூல் டீச்சரா?" என்றான்.

"லிஃப்டுல மாட்டினவகிட்ட யாருடா சுவரைத் தொட்டுட்டுத் திரும்பச் சொல்லுவா?"

"லிஃப்ட் மெக்கானிக்?"

"வண்டியை எடு."

வக்கீல் அறைக்கு அவர்கள் திரும்பியபோது மணி ஒன்றே கால். கோச்சம்மா வக்கீலிடம் வாதம் எப்படிச் செய்ய வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தாள். வக்கீல் கண்களை மூடிக்கொண்டிருந்தார்.

"ஆதாரம்?" என்று கண்ணைத் திறந்தார்.

"பாதி இருக்கு. மீதி இங்கதான் கிடைக்கணும்." அண்ணி மேஜையை ஓரமாகத் தள்ளச் சொன்னாள். "பாப்பா, அந்த நாடகத்தை எங்களுக்கு ஒரு தடவை நடிச்சுக் காட்டறியா? மேடையில எப்படி இருந்தியோ அப்படியே. அப்படியேன்னா, அப்படியே."

மகள் அண்ணியைப் பார்த்தாள். அந்த நாள் முழுவதும் அவள் முகத்தில் முதல் முறையாக ஏதோ ஓடியது. சுவர்ப் பக்கம் திரும்பி நின்று பையில் கையை விட்டாள், முடியைக் காதுக்குப் பின்னால் ஒதுக்கிக்கொண்டாள், திரும்பினாள்.

"மத்தவங்க யாரும் ஒரு வார்த்தை பேசக் கூடாது," என்றாள் அண்ணி. "கோச்சம்மா, நீங்களும்."

"நான் ஏன் பேசப் போறேன்?"

சுருள் செல்போனைத் தூக்கிப் படம் எடுக்க ஆரம்பித்தான்.

அந்தப் பெண் ஒரு அடி எடுத்து வைத்தாள், அறையில் லிஃப்ட் வந்துவிட்டது. கதவு மூடியது எல்லாருக்கும் தெரிந்தது. பட்டனை அழுத்தினாள். கண்ணாடியில் தலையைச் சரிசெய்துகொண்டாள். மறுபடி அழுத்தினாள். லிஃப்ட் நின்றுவிட்டது. முதலில் ஒரு சின்னச் சிரிப்பு, பிறகு ஒரு தட்டல், பிறகு இரண்டு கையும் சுவரில். பத்து வருஷத்துக் கேஸ் கட்டுகளுக்கு நடுவே, அந்த இடம் நிஜமாகவே மூச்சு முட்டுகிற அளவு சுருங்கியது. வக்கீல் தன் கழுத்துப் பட்டையைத் தளர்த்திக்கொண்டார்.

ஒரு நிமிஷம் ஆகியிருக்கும்.

"முழங்கை."

யாரும் அசையவில்லை.

"முழங்கை மேல! சுவரைத் தொடு! தொட்டுட்டுத் திரும்பு, திரும்பு! மூச்சு விடு!"

கீழே ஜெராக்ஸ் கடையில் மெஷின் நின்றது. மகள் திரும்பவில்லை. முழங்கையைத் தூக்கவும் இல்லை. லிஃப்டுக்குள் அப்படியே மெதுவாகச் சரிந்து உட்கார்ந்து, வாயைத் திறந்து, சத்தமில்லாமல் யாரையோ கூப்பிட்டாள்.

"நிறுத்து தம்பி," என்றாள் அண்ணி. "கோச்சம்மா, இப்ப என்ன சொன்னீங்க?"

"யாரு? நானா? நான் வாயே திறக்கலையே!"

சுருள் செல்போனை அவள் காதருகே பிடித்து ஓட விட்டான். தேவையே இருக்கவில்லை. தெருமுனைவரை கேட்டது. கோச்சம்மா அதை முழுசாகக் கேட்டாள். இன்னொரு தடவை போடச் சொன்னாள். பிறகு சுருள் எடுத்து வைத்திருந்த நாற்காலியில் உட்கார்ந்தாள்.

"இது நான் மனசுக்குள்ள சொல்றதுப்பா," என்றாள்.

"அது உங்க மனசு இல்லம்மா, ஒலிபெருக்கி," என்றான் சுருள்.

"தண்ணிக்குள்ள தலை இருக்கிறவங்களுக்குச் சொல்லிச் சொல்லி... அவங்களுக்கு எப்பவும் கேக்காது. சொல்லிக்கிட்டே இருப்பேன். இருபது வருஷமா."

"ரெண்டாவது நடுவர் கேட்டதும் இதே வார்த்தைங்கதான். மேடை ஓரத் திரைக்குப் பின்னால நீங்க எப்படி வந்தீங்க?" என்றாள் அண்ணி.

"முகத்துக்குப் பெயிண்ட் அடிக்க ஒருத்தர் கூட இருக்கலாம்னாங்க."

வக்கீல் தலையைப் பிடித்துக்கொண்டார். "போச்சு. முடிஞ்சுது. நடுவர் மேல ஒரு தப்பும் இல்ல. இது வெளியே தெரிஞ்சா மேடையில இருந்தவளுக்கு ஓரத்துலேர்ந்து சொல்லிக் கொடுத்ததா ஆகும். போட்டியிலிருந்தே நீக்கிடுவாங்க. அண்ணி, ஆதாரம் கேட்டேன், தூக்குக் கயிறு கொண்டு வந்திருக்கீங்க."

"சொல்லிக் கொடுத்தா, கேக்கறவ கேட்டிருக்கணும் சார். இப்ப அம்மா கத்தினப்போ நான், நீங்க, கீழ ஜெராக்ஸ் கடைக்காரர், எல்லாரும் துள்ளினோம். ஒருத்தி மட்டும் கண்ணைக்கூட இமைக்கல." அண்ணி, தரையில் உட்கார்ந்திருந்த பெண்ணின் முன்னால் குந்தி, தன் காதைத் தொட்டுக் காட்டினாள்.

அந்தப் பெண் முடியை விலக்கி, இரண்டு காதிலிருந்தும் ஆரஞ்சு நிறத்தில் இரண்டு சின்ன ரப்பர்க் குமிழ்களை எடுத்து அண்ணியின் உள்ளங்கையில் வைத்தாள்.

"இது நம்ம குளத்துக் காது அடைப்பான்!" என்றாள் கோச்சம்மா.

"உன் டிராயர்லேர்ந்து எடுத்தேன்," என்றாள் மகள். மெல்லிய, கரகரப்பான, கேட்கிறவர்கள் குனிய வேண்டிய குரல். "எப்பவும் மேடைக்குப் போட்டுட்டுத்தான் போவேன்."

"எப்பவும்னா?"

"ஏழாம் கிளாஸ்லேர்ந்து."

"அப்ப மியூசிக்?" என்றான் சுருள்.

"பலகை மேடை. கால்ல அதிரும். மத்ததை எண்ணிப்பேன்."

"மார்க் தாளைப் பாத்ததும் உனக்கு விஷயம் புரிஞ்சிருக்கும்," என்றாள் அண்ணி. "ஏன் சொல்லல?"

"சொல்ல வாயைத் திறந்தேன். அதுக்குள்ள அம்மா வக்கீலுக்குப் போன் பண்ணிட்டாங்க. அப்புறம் திறந்தேன், மனு ரெடியாயிடுச்சு." அவள் அம்மாவைப் பார்க்கவில்லை. "அந்த டப்பிங் மாமாவைத் திருடன்னு எழுதியிருந்ததைப் படிச்சப்போதான் ரொம்பக் கஷ்டமா இருந்துச்சு. அவர் ஒருத்தர்தான் எனக்குப் பாவனையில பத்தொன்பது போட்டார்."

வக்கீல் மட்டும் எழுந்து நின்றுகொண்டிருந்தார். கையில் போட்டி விதிப் புத்தகம், விரல் ஒரு பக்கத்தில். அவர் முகம் கல்யாண வீட்டுக்காரர் முகமாக மாறிக்கொண்டிருந்தது.

"பதினாலாம் விதி! 'வெளியாள் குறுக்கீட்டினால் போட்டியாளரின் மதிப்பெண்ணைக் குறைக்கலாகாது, அக்குறுக்கீட்டினால் அவர் பயனடைந்திருந்தாலன்றி.' பயனே அடையல! காதே அடைச்சிருக்கு! அண்ணி, ரெண்டாவது வழி திறந்துடுச்சு. ஆனா..." அவர் சுருதி இறங்கியது. "குறுக்கிட்டவங்க எழுதிக் கையெழுத்துப் போடணும். மேற்படி குரல் என்னுடையதுன்னு. நடுவர் மேல சொன்னதைத் திருப்பி எடுத்துக்கறேன்னு. கோர்ட்டுல எல்லார் முன்னாடியும் படிப்பாங்க."

கோச்சம்மா விசிலைப் பிடித்துக்கொண்டிருந்தாள். "குளத்துல நாப்பது பிள்ளைங்க எனக்குப் பயந்துகிட்டு நீந்துது சார். நாளைக்குப் பேப்பர்ல வரும். மௌன நாடகத்துல கத்தின அம்மான்னு."

"வரும்," என்றான் சுருள். "படத்தோட."

"தம்பி!"

"இல்ல அண்ணி, தெரிஞ்சு கையெழுத்துப் போடட்டுமேன்னு சொன்னேன்."

ஜெராக்ஸ் மெஷின் கீழே மறுபடி ஓட ஆரம்பித்தது.

"போகணுமாடி உனக்கு?" என்றாள் கோச்சம்மா. கேட்டுவிட்டு, அதிசயமாக, பதிலுக்குக் காத்திருந்தாள்.

மகள் பதில் சொல்ல நேரம் எடுத்துக்கொண்டாள். "போகணும்மா."

"பேனா கொடுங்க சார்."

இரண்டே கால் மணிக்குள் ஜெராக்ஸ் கடையில் வாக்குமூலம் டைப் ஆகி, மூன்று நகல் எடுத்து, முத்திரை குத்தி, ஸ்கூட்டரில் கோர்ட்டுக்குப் பறந்தது. ஓட்டியவன் சுருள், பின்னால் வக்கீல். வழியில் இரண்டு தடவை அவர் கண்ணை மூடிக்கொண்டதாகப் பிறகு சுருள் சொன்னான். மற்றவர்கள் ஆட்டோவில் வந்தார்கள்.

நீதிபதி ஒரு அம்மையார். மூக்குக் கண்ணாடிக்கு மேலாகப் பார்க்கிறவர். வாக்குமூலத்தை ஒரு தடவை படித்தார். பிறகு கண்ணாடியைத் துடைத்துவிட்டு இன்னொரு தடவை படித்தார்.

"வக்கீல் சார், காலையில நீங்க கொடுத்த மனுவுல நடுவர் அயோக்கியர். மத்தியானம் கொடுத்ததுல அவருக்குக் காது கூர்மை. நடுவுல என்ன நடந்துச்சு?"

"விசாரணை நடந்துச்சு, யுவர் ஆனர்."

"அது நல்ல பழக்கம். மனு போடறதுக்கு முன்னாடியே பண்ணலாம்." பக்கத்தைத் திருப்பினார். "ஏழாவது பத்தி. 'சுவரைத் தொடு, தொட்டுட்டுத் திரும்பு.' இதைச் சொன்னது யாரு?"

கோச்சம்மா எழுந்தாள். "நான்தாங்க."

"கொஞ்சம் சத்தமா சொல்லுங்க."

சுருள் அண்ணியின் காதில், "வரலாறு," என்றான்.

"நான்தாங்க!"

டைப்பிஸ்ட் நாற்காலியோடு ஒரு அங்குலம் பின்னால் நகர்ந்தான். கடைசி பெஞ்சில் மீசைக்காரர் நிமிர்ந்து உட்கார்ந்து, இந்தக் குரல்தான், இதே குரல்தான் என்று பக்கத்தில் இருந்தவரிடம் கையால் சொன்னார்.

"சந்தேகத்துக்கு இடமில்லை," என்றார் நீதிபதி. "அந்த நடுவர்கிட்ட நீங்க ஒண்ணு சொல்லணும்."

கோச்சம்மா திரும்பினாள். "தப்பா எழுதிட்டேன் சார். மன்னிச்சுக்குங்க."

"உச்சரிப்பு ரொம்ப நல்லா இருந்துச்சும்மா," என்றார் அவர், மனதார.

அரசு வக்கீல் எழுந்து, விதி பதினாலின்படி தங்களுக்கு ஆட்சேபணை ஒன்றும் இல்லை என்றார். கவிதைப் போட்டித் தாளை மௌன நாடகத்துக்குக் கொடுத்தது பற்றி நீதிபதி கேட்டபோது மட்டும் அவருக்கு இருமல் வந்தது. நீதிபதி உத்தரவைச் சொல்லச் சொல்ல டைப்பிஸ்ட் அடித்தான்: ஏழாம் எண் போட்டியாளரைக் கூடுதல் போட்டியாளராக இறுதிச் சுற்றில் சேர்க்க வேண்டும்; இன்று ஐந்து மணிக்குள்; முதலிடம் பெற்ற மாணவியின் இடத்துக்கு இதனால் பாதகம் இல்லை.

"சரி," என்று நீதிபதி பேனாவை மூடினார். அப்புறம் ஏதோ யோசித்து, கண்ணாடிக்கு மேலாக அந்தப் பெண்ணைப் பார்த்தார். "இது உன் கேஸ். இதுவரைக்கும் எல்லாரும் பேசிட்டாங்க. நீ எதாவது சொல்லணுமாம்மா?"

அவள் எழுந்தாள். நீதிபதியைப் பார்த்துக் கைகூப்பினாள். பிறகு பக்கத்தில் நின்ற அம்மாவின் பக்கம் திரும்பினாள். அம்மா குனிந்தாள்.

"அம்மா, சனிக்கிழமை நீ வீட்டுலயே இரு. நான் வந்து, என்ன நடந்துச்சுன்னு ஒண்ணு விடாம சொல்றேன். நடுவுல பேசாம கேப்பியா?"